யெரூன் கிராபே ரஷ்யர் அல்லர்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் சென்ற வாரம் வெளிவந்த, ஜேம்ஸ் பாண்ட் படங்களின் வில்லன்களைப் பற்றிய கட்டுரையை ஆர்வத்துடன் படித்தேன். பழைய படங்களைத் தேடிப் பார்த்து எழுதியிருக்கும் கட்டுரையாளரின் உழைப்பு பாராட்டத்தக்கது. ஆனால் 1987-இல் வந்த ‘தி லிவிங் டேலைட்ஸ்’ படத்தைப் பற்றிய பத்தியில், சோவியத் ஜெனரல் கோஸ்கோவாக நடித்தவரை “ஜெரோன் க்ராப் என்னும் ரஷ்ய நடிகர்” என்று ஒரே வரியில் முடித்திருக்கிறார். அந்த ஒரு வரியில் இரண்டு பிழைகள் இருக்கின்றன. அவருடைய பெயர் யெரூன் கிராபே. ஆங்கிலத்தில் ‘ஜெ’ என ஒலிக்கும் எழுத்து டச்சு மொழியில் ‘யெ’ என்றே ஒலிக்கும்; குடும்பப் பெயரின் கடைசி எழுத்தின் மேல் ஒரு சாய்கோடு உண்டு, அதனால் அது ‘கிராப்’ ஆகாமல் ‘கிராபே’ ஆகிறது. இரண்டாவதாக, அவர் ரஷ்யர் அல்லர். ஆம்ஸ்டர்டாமில் பிறந்து, அங்கேயே நடிப்புக் கற்று, அந்த ஊர் மேடைகளில் தொழிலைத் தொடங்கிய டச்சுக்காரர்.

பெயர்ப் பிழை மட்டும் என்றால் இரண்டு வரி எழுதி அனுப்பியதோடு நிறுத்தியிருப்பேன். அவரை ரஷ்யர் என்று எண்ணியதற்காகக் கட்டுரையாளரைக் கடிந்துகொள்ளவும் எனக்கு மனம் வரவில்லை; தன்னை வேற்று நாட்டவர் என்று நம்பவைப்பதே அந்த நடிகரின் தொழிலில் பெரும்பகுதியாக இருந்திருக்கிறது, அதில் அவர் எவ்வளவு கெட்டிக்காரர் என்பதற்கு இந்தப் பிழையே நற்சான்று. ஆனால் ரஷ்யர் என்று எழுதிவிட்டால் அவருடைய கதை முழுவதும் அந்தச் சொல்லுக்குள் மறைந்துபோகிறது. சிறிய மொழியொன்றில் பிறந்த நடிகர் பிற மொழிகளின் தோளில் ஏறி உலகத் திரைக்குப் போனால் அவருக்கு என்ன கிடைக்கிறது, பதிலுக்கு அவர் எதைக் கொடுக்க வேண்டியிருக்கிறது என்பதுதான் அந்தக் கதை. திரைப்படங்களுக்குச் சப்டைட்டில் எழுதிப் பிழைப்பவன் என்ற முறையில் எனக்கு அதில் தனிப்பட்ட ஈடுபாடு உண்டு. காரணத்தை அவருடைய தாயாரைப் பற்றிச் சொல்லும்போது தாங்களே அறிவீர்கள்.

கிராபே பிறந்தது 1944 டிசம்பர் 5. ஜெர்மானிய ஆக்கிரமிப்பின் கடைசிக் குளிர்காலம் அது. மேற்கு நெதர்லாந்தில் உணவும் எரிபொருளும் அற்றுப்போய் ஏறத்தாழ 20,000 பேர் மடிந்த அந்த மாதங்களை இன்றும் டச்சுக்காரர்கள் ‘பசிக் குளிர்காலம்’ என்றே சொல்கிறார்கள். தாத்தா ஹென்ட்ரிக் மார்ட்டன் கிராபேவும் தந்தை மார்ட்டன் கிராபேவும் பெயர்பெற்ற ஓவியர்கள். அண்ணன் டிம் கிராபே நாவலாசிரியர், அத்தோடு நாட்டின் முன்னணிச் சதுரங்க ஆட்டக்காரர்களுள் ஒருவராகவும் இருந்தவர். யெரூனின் மகன்களில் ஒருவரும் ஓவியரே. எண்ணெய் வண்ணத்தின் வாசனையோடு வளர்ந்த பிள்ளை நடிகரானது, கைத்தொழில் குடும்பத்துப் பிள்ளை பக்கத்துத் தெருத் தொழிலைக் கற்றுக்கொண்டது போலத்தான். தூரிகையை அவர் ஒருபோதும் கீழே வைக்கவில்லை.

இனி தாயார். மார்க்ரேட் ரெய்ஸ் என்ற அந்த அம்மையார் திரைப்பட மொழிபெயர்ப்பாளர். ஜெர்மனியிலும் பிரான்சிலும் இத்தாலியிலும் அயல்நாட்டுப் படங்களை உள்ளூர்க் குரல்களில் டப்பிங் செய்து திரையிடுவதே வழக்கமாக இருந்துவந்திருக்க, நெதர்லாந்தில் சிறு குழந்தைகளுக்கான படங்கள் நீங்கலாக மற்றவற்றை மூலக்குரலிலேயே ஓடவிட்டு, அடியில் டச்சு வரிகளைப் போடுவார்கள். இரண்டரைக் கோடிப் பேர் அளவில் பேசும் ஒரு மொழிக்கு ஒவ்வொரு படத்தையும் டப்பிங் செய்வது கட்டுப்படியாகாது என்பதுதான் இதற்குச் சொல்லப்படும் எளிய காரணம். ஆனால் அதன் விளைவு எளியதன்று. ஒரு டச்சுக் குழந்தை வாசிக்கக் கற்ற நாளிலிருந்து கண்ணால் தன் மொழியையும் காதால் பிறர் மொழியையும் ஒரே நேரத்தில் உள்வாங்குகிறது. கேரி கிராண்டின் ஆங்கிலம் எப்படி ஒலிக்கும், ழான் கபேனின் பிரெஞ்சு எப்படி ஒலிக்கும் என்பது அதற்குத் தெரியும்; எல்லைக்கு அப்பால் ஜெர்மனியில் வளரும் குழந்தைக்கோ இருவரும் ஜெர்மன் பேசுகிறவர்கள்.

என் தொழிலில் உள்ளவர்கள் அறிவார்கள்: திரையின் அடியில் கிடைப்பது இரண்டே வரிகள், ஒவ்வொன்றிலும் ஏறக்குறைய 40 எழுத்துகள், அதிகம் போனால் 6 வினாடிகள். நடிகர் பேசுவது பத்துச் சொல் என்றால் ஐந்தை வெட்ட வேண்டும். எந்த ஐந்தை வெட்டலாம் என்று முடிவு செய்வதற்கு அந்த மனிதர் எந்த மூச்சில் எந்தச் சொல்லை அழுத்துகிறார் என்பதை மீண்டும் மீண்டும் கேட்க வேண்டும். பொருளை அகராதி சொல்லிவிடும். அழுத்தத்தைக் காதுதான் சொல்ல வேண்டும். அந்த வேலையைச் செய்த ஒரு பெண்ணின் மகன், பிற்காலத்தில் அயல்மொழிகளில் நடித்துப் பெயரெடுத்ததை வெறும் தற்செயல் என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை. தொழிற்பற்றினால் நான் சற்று மிகையாகச் சொல்வதாகத் தங்களுக்குத் தோன்றினாலும் பாதகமில்லை. பள்ளிக்கூடத்துக்கும் இதில் பங்கு உண்டு. 1968-இல் கல்விச் சட்டம் மாறும்வரை, மேற்படிப்புக்கு அனுப்பும் டச்சு உயர்நிலைப் பள்ளிகளில் ஆங்கிலம், ஜெர்மன், பிரெஞ்சு ஆகிய மூன்றுமே கட்டாயப் பாடங்கள். கிராபேயின் தலைமுறை அந்த ஏற்பாட்டின் கடைசி அறுவடைகளில் ஒன்று.

ஆம்ஸ்டர்டாம் நாடகப் பள்ளியில் அவர் பட்டம் பெற்றது 1965-இல். நான்கே ஆண்டுகளில் அந்த மேடை உலகம் தலைகீழாகப் புரண்டது. 1969 அக்டோபர் 9 அன்று ஆம்ஸ்டர்டாம் நகர அரங்கில், அந்நாளின் பெரிய நாடகக் குழு ஷேக்ஸ்பியரின் ‘டெம்பெஸ்ட்’ நாடகத்தை முடித்துவிட்டு வணங்கி நின்றபோது, நாடகப் பள்ளி மாணவர்கள் நடிகர்கள் மீது தக்காளி எறிந்தார்கள். சமூகத்தோடு ஒட்டும் உறவும் இல்லாமல் அரசு மானியத்தில் காலம் தள்ளும் மேடை எங்களுக்கு வேண்டாம் என்பது அவர்கள் கட்சி. ‘தக்காளி நடவடிக்கை’ என்றே டச்சு நாடக வரலாற்றில் பெயர் பெற்றுவிட்ட அந்த இரவுக்குப் பிறகு, சில ஆண்டுகளில் பெரிய குழுக்கள் கலைந்து சிறு குழுக்கள் முளைத்தன. கிராபே கற்றதோ, குரலையும் உச்சரிப்பையும் நிற்கும் நிலையையும் முதலில் செப்பனிடும் பழைய முறையில். தொழில் செய்ய வேண்டி வந்ததோ, அந்தச் செப்பத்தையே சந்தேகத்தோடு பார்த்த புதிய காலத்தில். அவருடைய நடிப்பில் நான் எப்போதும் காணும் ஒரு குணம், அதாவது எவ்வளவு இயல்பாகப் பேசினாலும் ஏதோ ஒரு மூலையில் பார்வையாளர் இருப்பதை மறக்காத அந்தச் சிறு மிடுக்கு, இந்த இடைப்பட்ட நிலையிலிருந்து வந்திருக்கலாம் என்பது என் எண்ணம். ஹாலிவுட் அந்த மிடுக்கை வில்லத்தனமாக மொழிபெயர்த்துக்கொண்டது.

உலகம் அவரை முதலில் கண்டது பவுல் வெர்ஹூவன் இயக்கிய ‘சோல்ஜர் ஆஃப் ஆரஞ்ச்’ என்ற 1977-ஆம் ஆண்டுப் படத்தில். (ஆரஞ்ச் என்பது இங்கே பழமன்று; நெதர்லாந்து அரச குடும்பத்தின் பெயர்.) லைடன் பல்கலைக்கழக மாணவர்கள் சிலரைப் போர் எந்தெந்தத் திசைக்கு இழுத்துச் செல்கிறது என்பதுதான் கதை. நாயகனாக ருட்கர் ஹவர். மாணவர் தலைவன் கூஸாகக் கிராபே. ராகிங் காட்சியில், புதிதாக வந்த நாயகனின் தலையில் சூப்பைக் கொட்டி அவமானப்படுத்திவிட்டு, பிறகு அவனுக்கே உற்ற தோழனாகிவிடும் பணக்கார வீட்டுப் பிள்ளை அந்தக் கூஸ். கொடுமையும் கவர்ச்சியும் ஒரே முகத்தில் இருப்பதை அந்தப் படத்திலேயே பார்த்துவிடலாம். அதில் நாஜிகளின் பக்கம் போகும் நண்பனாக நடித்த டெரெக் டி லின்ட்டும் பின்னாளில் அயல்நாட்டுத் திரைக்குப் போனவர்தான். ஒரே படத்திலிருந்து மூன்று நடிகர்களும் ஓர் இயக்குநரும் கடல் கடந்தார்கள் என்பது சிறிய நாடு ஒன்றுக்குப் பெருமையா இழப்பா என்று தீர்ப்புச் சொல்லும் தகுதி எனக்கில்லை.

அவருடைய நடிப்பின் உச்சம் எது என்று கேட்டால், பாண்ட் படத்தையோ பிற ஆங்கிலப் படங்களையோ சொல்ல மாட்டேன். 1983-இல் அதே வெர்ஹூவன், கெரார்ட் ரேவேயின் நாவலைத் தழுவி எடுத்த டச்சுப் படமான ‘நான்காவது மனிதன்’ தான் என் விடை. குடியும் கற்பனையும் தலைக்கேறிய ஓர் எழுத்தாளன் சொற்பொழிவாற்ற ஃபிளிஸிங்கன் என்ற கடலோர ஊருக்கு ரயிலேறிப் போகிறான்; அங்கே ஒரு விதவையின் வீட்டில் தங்குகிறான்; அவளுடைய கணவர்கள் மூவர் அடுத்தடுத்து இறந்தவர்கள் என்று தெரியவருகிறது; நான்காவது பலி தானோ என்ற அச்சம் அவனைத் தின்கிறது. நாம் காண்பது உண்மையா அவனுடைய மனப்பிரமையா என்று கடைசிவரை சொல்ல முடியாது. அந்த எழுத்தாளனை வெறுக்கவும் முடியாமல், நம்பவும் முடியாமல், அவனோடு சேர்ந்து அஞ்சும்படி செய்துவிடுகிறார் கிராபே. தாய்மொழியில் ஒரு நடிகருக்குக் கிடைக்கும் சுதந்திரம் அது: அவர் எந்த நாட்டவர் என்ற கேள்வியே எழாததால், எப்படிப்பட்ட மனிதர் என்ற கேள்வி மட்டும் மிஞ்சுகிறது.

ஆங்கிலத்துக்குப் போனவுடன் முதல் கேள்வி திரும்பி வந்துவிட்டது. 1986-இல் ‘ஜம்பிங் ஜாக் ஃபிளாஷ்’, அதே ஆண்டில் ‘நோ மெர்சி’ படத்தின் லோசாடோ என்னும் குற்றக்கும்பல் தலைவன், மறு ஆண்டில் கோஸ்கோவ். 1989-இல் வந்த ‘ஸ்காண்டல்’ படத்தில் சோவியத் கடற்படை அதிகாரி இவானோவ். 1992-இல் ஸ்டாலினைப் பற்றிய தொலைக்காட்சிப் படத்தில் சோவியத் தலைவர்களுள் ஒருவரான புகாரின். 2008-இல் ‘டிரான்ஸ்போர்ட்டர் 3’ படத்தில் உக்ரைன் அரசு அதிகாரி. ‘தி பனிஷர்’ படத்தில் இத்தாலிய மாஃபியா. கட்டுரையாளரின் பிழையை நான் பெரிதுபடுத்தாததற்கு இந்தப் பட்டியலும் ஒரு காரணம். ஹாலிவுட்டின் காதுக்கு, ஆங்கிலத்தில் சற்றே வேறு மணம் வீசினால் போதும். அது ரஷ்யாவா, இத்தாலியா, நெதர்லாந்தா என்று ஆராய்வதில்லை.

ஆயினும் கோஸ்கோவை இன்னொரு முறை கவனித்துப் பார்க்குமாறு கட்டுரையாளரைக் கேட்டுக்கொள்கிறேன். அவர் மிரட்டுவதில்லை, கட்டியணைக்கிறார். மேற்கு நாடுகளிடம் தஞ்சம் புகுவதுபோல் நடித்து, பிராட்டிஸ்லாவாவிலிருந்து எரிவாயுக் குழாய்க்குள் ஒரு கூண்டில் அடைத்து ஆஸ்திரியாவுக்கு அனுப்பப்படும்போது குழந்தையைப் போல் அலறுகிறார். இங்கிலாந்தின் பாதுகாப்பு மாளிகையில், பாண்ட் கொண்டுவரும் உணவுக்கூடையைத் திறந்து ஒவ்வொன்றாக வெளியே எடுத்து மகிழ்கிறார். மீன்முட்டை எங்கள் ஊரில் ஏழைகளின் சாப்பாடு என்று கேலி செய்கிறார். அடுத்த நிமிடமே குரலைத் தாழ்த்தி, தன் மேலதிகாரி உளவாளிகளைக் கொல்லத் திட்டமிட்டிருப்பதாகப் பொய்ச்சரக்கை அவிழ்த்துவிடுகிறார். கூடையிலிருந்து கதைக்கு மாறும் அந்த ஒரு கணத்தில் அவருடைய ஆங்கிலமும் மாறுகிறது: உளறலாக ஓடிக்கொண்டிருந்த வாக்கியங்கள் சட்டென்று குறுகி எடைபோட்டு வருகின்றன. பிறமொழியில் பேசுகிறவன் பொய் சொல்லும்போதுதான் இலக்கணத்தில் கவனமாக இருப்பான் என்பதை அறிந்த நடிகர் செய்யும் வேலை அது. கடைசியில் எல்லாம் அம்பலமான பிறகும், தான் காட்டிக்கொடுத்த அதே மேலதிகாரியை ஓடிவந்து கட்டிக்கொண்டு, தன்னை மீட்க வந்ததாக நன்றி சொல்கிறாரே, அந்த நாணமற்ற அணைப்புக்காகவே இந்தப் படத்தை நான் பலமுறை பார்த்திருக்கிறேன்.

‘தி ஃபியூஜிட்டிவ்’ (1993) வேறு வகை. சார்ல்ஸ் நிக்கல்ஸ் என்ற சிகாகோ மருத்துவர் பாத்திரத்துக்கு முதலில் ஒப்பந்தமானவர் ரிச்சர்ட் ஜோர்டன். அவர் நோயுற்றதால் கிராபே அழைக்கப்பட்டார். மனைவியைக் கொன்றதாகத் தண்டிக்கப்பட்டுத் தப்பியோடும் ஹாரிசன் ஃபோர்டுக்குக் கையிலிருந்த பணத்தை எடுத்துக் கொடுப்பவரும், விசாரிக்க வரும் அதிகாரிகளிடம் அவன் பக்கம் நின்று பேசுபவரும் இவர்தான். எல்லாவற்றுக்கும் பின்னால் இருந்தவரும் இவரே என்பது பிற்பாடுதான் வெளிப்படுகிறது. இந்தப் பாத்திரத்தின் உச்சரிப்பு எந்த ஊரினது என்று படம் விளக்க முற்படுவதில்லை. ஒரு பெரிய அமெரிக்க மருத்துவமனையில் ஐரோப்பிய வாடையுள்ள ஆங்கிலம் பேசும் மருத்துவர் இருப்பது இயற்கைதானே என்று விட்டுவிடுகிறது. அந்த ஒரு முறையாவது அவருடைய நாக்கு குற்றப்பத்திரிகையாக இல்லாமல் இருந்ததே என்று நான் மகிழ்ந்தேன், குற்றவாளி அவர்தான் என்று தெரியும்வரை.

வில்லன்களுக்கு நடுவே நல்ல இடங்களும் வாய்த்தன. 1988-இல் வந்த ‘எ வேர்ல்ட் அபார்ட்’ அவற்றுள் முதன்மையானது. தென்னாப்பிரிக்காவின் நிறவெறி ஆட்சியை எதிர்த்த ஜோ ஸ்லோவோ, ரூத் ஃபர்ஸ்ட் தம்பதியரின் மகள் தன் குடும்ப நினைவுகளிலிருந்து எழுதிய திரைக்கதை அது. தந்தையாக வரும் கிராபே, தொடக்கத்திலேயே நாட்டை விட்டுத் தப்பிச் செல்கிறார். பிறகு படம் முழுவதும் இருப்பது அவர் விட்டுச்சென்ற வெற்றிடம்தான். அந்த ஆட்சியின் மொழியான ஆஃப்ரிகான்ஸ், டச்சு மொழியிலிருந்து கிளைத்தது. தன் தாய்மொழியின் கிளையில் கட்டளையிட்ட ஓர் ஆட்சியை எதிர்த்த மனிதனாக, ஆங்கிலத்தில், ஜிம்பாப்வேயில் எடுக்கப்பட்ட படத்தில் நடித்தார் ஒரு டச்சுக்காரர். பலமொழி நடிகர் என்று எளிதாகச் சொல்லிவிடும் சொல்லுக்குள் இப்படிப்பட்ட முடிச்சுகளும் உண்டு.

1994-இல் இரண்டு இசைப் படங்கள். ‘இம்மார்ட்டல் பிலவ்ட்’ படத்தில் பீத்தோவனின் செயலாளர் ஷிண்ட்லராக வந்து, மறைந்த மேதையின் காதலி யார் என்று தேடி அலைந்தார். (உண்மையான ஷிண்ட்லர், காது கேளாத பீத்தோவனோடு பிறர் எழுதிப் பேசிய உரையாடல் குறிப்பேடுகளில் பின்னாளில் தானாகவே வரிகளைச் சேர்த்த மனிதர் என்பது ஆய்வாளர்கள் நிறுவிய செய்தி. படத்தின் ஷிண்ட்லர் அவரைவிட நல்லவர்.) பெல்ஜிய இயக்குநர் ஜெரார் கோர்பியோவின் ‘ஃபரினெல்லி’ படத்தில் இசையமைப்பாளர் ஹாண்டல். ஜெர்மனியில் பிறந்து, இத்தாலியில் தேர்ந்து, லண்டனில் இத்தாலிய ஓப்பெரா எழுதிப் பிழைத்த ஹாண்டலைவிடப் பொருத்தமான வேடம் கிராபேக்கு அமைந்திருக்க முடியாது. தன்னுடைய பாடலையே, தான் வெறுக்கும் பாடகனின் குரலில், அரங்கின் மேல்மாடத்திலிருந்து கேட்டு நிலைகுலையும் காட்சியில் அவருக்கு வசனமே கிடையாது. மொழிகளை எல்லாம் கழற்றி வைத்துவிட்டு முகம் மட்டும் நடிக்கும் அந்த ஒரு நிமிடத்துக்குச் சப்டைட்டில் எழுதுபவனுக்கு வேலை இல்லை, பார்த்துக்கொண்டிருக்கலாம்.

குறையையும் சொல்லியாக வேண்டும். கிராபே இயக்குநராகவும் ஆனார். முதல் படம் ‘லெஃப்ட் லக்கேஜ்’ (1998), 1970-களின் ஆன்ட்வெர்ப் நகரத்து வைதிக யூதக் குடும்பமொன்றைப் பற்றியது. இரண்டாவது படம் ‘தி டிஸ்கவரி ஆஃப் ஹெவன்’ (2001), ஹாரி முலிஷின் புகழ்பெற்ற டச்சு நாவலின் திரைவடிவம்; 2007-இல் ஒரு டச்சு நாளிதழ் நடத்திய வாக்கெடுப்பில் வாசகர்கள் அந்த நாவலைத்தான் டச்சு மொழியின் தலைசிறந்த நூலாகத் தேர்ந்தெடுத்தார்கள். இரண்டு படங்களையும் அவர் ஆங்கிலத்தில் எடுத்தார். நாவலின் ஓன்னோ க்விஸ்ட் மொழிகளையே மூச்சாகக் கொண்ட ஒரு மேதை. அவரைத் திரையில் ஸ்டீபன் ஃபிரை அழகான ஆங்கிலத்தில் நடித்துக் காட்டினார். அழகு இருந்தும் என்ன? ஹேக் நகரத்து அரசியல் குடும்பத்தில் பிறந்த அந்த மனிதன் தன் நண்பனோடு டச்சில் சண்டையிடாத வரையில், அவன் அறிந்த மற்ற மொழிகளுக்கெல்லாம் நிற்க ஒரு தரையில்லாமல் போகிறது. உலகச் சந்தைக்காகச் செய்த சமரசம் என்பது விளங்குகிறது. பிறருடைய படங்களில் தன் மொழியைக் கதவுக்கு வெளியே விட்டுவிட்டுப் போக வேண்டியிருந்த ஒருவர், தன் கையில் சாவி இருந்தபோதும் அதை வெளியிலேயே நிறுத்தினார் என்பதுதான் என் வருத்தம்.

அதே சமயம், அவர் தேர்ந்தெடுத்த கதைகள் மேம்போக்கானவை அல்ல. தன் தாயார் யூதர் என்பதையும், தாயின் குடும்பத்தார் நாஜிகளால் கொல்லப்பட்டார்கள் என்பதையும் கிராபே வாழ்வில் பிற்பாடுதான் அறிந்துகொண்டார். ‘லெஃப்ட் லக்கேஜ்’ படத்தில் கண்டிப்பான தந்தை கால்மனாக அவரே நடித்தார். அந்த வீட்டின் சிறுவன் ஒருவன் பேசும் வயதாகியும் வாய் திறந்து பேசுவதில்லை. அதற்கு முன்பே, 1980-களின் நடுவில், நாஜிகளுக்கு அஞ்சிக் குடும்பத்தோடு மறைந்து வாழ்ந்த யூதச் சிறுமி ஆன் ஃபிராங்கின் நாட்குறிப்பை மேடையேற்றியதில் இயக்கத்தில் பங்குகொண்டதோடு ஆனின் தந்தை ஓட்டோவாகவும் டச்சில் நடித்திருந்தார். மறைவிடத்திலிருந்த எட்டுப் பேரில் உயிரோடு திரும்பியவர் ஓட்டோ ஒருவரே. முலிஷின் நாவலில் வரும் வானியலாளர் மாக்ஸ் பணிபுரியும் இடம் வெஸ்டர்போர்க் வானலைத் தொலைநோக்கி. அது அமைந்திருப்பது, நெதர்லாந்து யூதர்களை ரயிலேற்றி அனுப்பிய தடுப்புமுகாமின் பக்கத்திலேயே. 1943 மார்ச் முதல் ஜூலை வரை அந்த முகாமிலிருந்து 19 ரயில்கள் போலந்திலிருந்த சோபிபோர் மரண முகாமுக்குப் போயின. 34,000-க்கும் மேற்பட்டோர் அவற்றில் அனுப்பப்பட்டார்கள், திரும்பியவர்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவர்கள். தாயின் தந்தை ஆப்ரஹாம் ரெய்ஸ் கொல்லப்பட்டது அந்தச் சோபிபோரில்தான்.

அந்தத் தாத்தாவின் வாழ்க்கையை, ஆம்ஸ்டர்டாமிலிருந்து சோபிபோர் வரை, பெரிய துணித்திரைகளில் வரிசையாக வரைந்து ‘ஆப்ரஹாம் ரெய்ஸின் வீழ்ச்சி’ என்று பெயரிட்டுக் காட்சிக்கு வைத்தார் கிராபே. அவற்றின் அச்சுப்படிகளைத்தான் நான் பார்த்திருக்கிறேன். கோஸ்கோவின் அணைப்பும் நிக்கல்ஸின் புன்னகையும் வந்த அதே கையிலிருந்தும் முகத்திலிருந்தும் இவையும் வந்தன என்பதை ஏற்றுக்கொள்ளச் சற்று நேரம் ஆயிற்று. சோபிபோரில் 1943 அக்டோபரில் கைதிகள் நடத்திய கிளர்ச்சியைப் பற்றி 1987-இல் வந்த தொலைக்காட்சிப் படத்தில், கிளர்ச்சித் தலைவர் பெச்சர்ஸ்கியாக நடித்துக் கோல்டன் குளோப் விருது பெற்றவர் ருட்கர் ஹவர் என்பதையும் இங்கே குறிப்பிட வேண்டும். லைடன் மாணவர்களாக ஒரே படத்தில் நடித்த இருவரில் ஒருவர் ரஷ்யப் போர்க்கைதியாகி அந்த முகாமின் வேலியை உடைத்தார்; மற்றவர் அதே ஆண்டில் ரஷ்ய ஜெனரலாகிப் பாண்டை ஏமாற்றினார். தாத்தாவை வரைய அவருக்கு மேலும் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. அதற்கு எந்த உச்சரிப்பும் தேவைப்படவில்லை.

பிற்காலத்தில் டச்சுத் தொலைக்காட்சியில் வான் கோ, பிக்காசோ, கோகன் முதலானோரின் தடம் தேடிச் செல்லும் தொடர்களை அவர் நடத்தினார். இன்றைய டச்சு இளைஞர்கள் பலருக்கு அவர் பாண்ட் வில்லன் அல்லர், ஓவியங்களின் முன் நின்று உணர்ச்சிவசப்படும் ஒரு பெரியவர். சுவையான இன்னொரு தகவல்: 2004-இல் ‘ஓஷன்ஸ் ட்வெல்வ்’ படப்பிடிப்புக்காக ஹாலிவுட் ஆம்ஸ்டர்டாமுக்கே வந்தபோது, அவருக்குக் கிடைத்த வேடம் வான் டெர் வவ்டே என்ற டச்சுக்காரர். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் பிற நாட்டவராக நடித்துக் களைத்தவர், அமெரிக்கப் படத்தில் ஒருவழியாகச் சொந்த ஊர்க்காரராக ஆகிவிட்டார். என்ன பயன்? வீட்டை விட்டு வெளியே வரவே அஞ்சும் மனிதராக அந்தப் பாத்திரத்தை எழுதியிருந்தார்கள்.

ஆகவே, ஆசிரியர் அவர்களே, ஞாயிறு இணைப்பில் திருத்தம் வெளியிடும்போது ‘ரஷ்ய நடிகர்’ என்பதை ‘டச்சு நடிகர், இயக்குநர், ஓவியர்’ என்று மாற்றுமாறு கேட்டுக்கொள்கிறேன். இடம் போதாவிட்டால் பின்னிரண்டையும் விட்டுவிடலாம். பெயரின் முதலெழுத்தை மட்டும் ‘யெ’ என்றே அச்சிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்